காரணம் தெரியாத கல்லீரல் வீக்கம்: எந்தக் குறியீடு சரி?

வாசகர் கேள்வி – பதில்

சென்ற இதழில் மருத்துவக் குறியீட்டுப் பணி (மருத்துவர் எழுதும் நோய்க்கும் அறிகுறிக்கும் அதற்குரிய குறியீட்டு எண்ணைக் கொடுக்கும் ‘கோடிங்’ வேலை) பற்றி வெளியான கட்டுரையைத் தொடர்ந்து வேலூர், இராணிப்பேட்டை, திருப்பத்தூர் மாவட்டங்களிலிருந்து வந்த கடிதங்களில் பெரும்பாலானவை ஒன்றையே கேட்டிருந்தன: கல்லீரல் பெரிதாகியிருப்பது தெரிகிறது, ஆனால் காரணம் தெரியவில்லை என்றால், பதிவேட்டில் எதை எழுதுவது? கோடிங் வேலையில் இருப்பவர்களும், மருத்துவமனைப் பதிவறையில் இருப்பவர்களும், டிஸ்சார்ஜ் சம்மரியைக் கையில் வைத்துக்கொண்டு கலங்கும் குடும்பத்தாரும் எழுதியிருப்பதால், இம்முறை பகுதி முழுவதையும் இதற்கே ஒதுக்கியிருக்கிறோம்.

கேள்வி (காட்பாடி வாசகி): ஐயா, அமெரிக்க மருத்துவமனைகளின் புறநோயாளர் சார்ட்டுகளுக்கு (மருத்துவரின் வருகைக் குறிப்புகளுக்கு) குறியீடு இடும் நிறுவனம் ஒன்றில் பணிபுரிகிறேன். ஒரு சார்ட்டில் மருத்துவர், ‘கல்லீரல் பெரிதாகியிருக்கிறது, காரணம் தெரியவில்லை, ஃபேட்டி லிவராக (கல்லீரலில் கொழுப்புப் படிவு) இருக்கலாம், அல்ட்ராசவுண்டும் இரத்தப் பரிசோதனையும் செய்ய வேண்டும்’ என்று எழுதியிருந்தார். நான் ஆர்16.0 கொடுத்தேன். தணிக்கையில் அது பிழை என்று குறிக்கப்பட்டு, கே76.0 கொடுத்திருக்க வேண்டும் என்று திருத்தம் வந்தது. ‘அறிகுறிகளுக்கு உரிய ஆர் வரிசையை முடிந்தவரை தவிர்க்க வேண்டும், வேறு வழியில்லை என்றால் கே76.89 போடுங்கள்’ என்கிறார் டீம் லீடர். எது சரி?

பதில்: நீங்கள் கொடுத்த ஆர்16.0 தான் சரி. தணிக்கையில் குறிக்கப்பட்ட பிழை நிற்காது. அதற்கு ரிபட்டல் (மறுப்புக் கடிதம்) எழுத உங்களுக்கு முழு உரிமை உண்டு.

அமெரிக்காவில் 2015 அக்டோபர் 1 முதல் நடைமுறையில் உள்ள ஐ.சி.டி.-10-சி.எம். என்ற நோய்க் குறியீட்டுத் தொகுப்பின் அதிகாரபூர்வ வழிகாட்டு நெறிகளில் நான்காம் பிரிவு புறநோயாளர் வருகைகளுக்கு உரியது. ‘இருக்கலாம்’, ‘சந்தேகிக்கப்படுகிறது’, ‘இல்லை என்று உறுதிசெய்ய வேண்டும்’, ‘இதனோடு ஒத்துப்போகிறது’ போன்ற சொற்களோடு மருத்துவர் எழுதிய ஒரு நோயை உறுதியான நோய் போலக் குறியிடக் கூடாது என்றும், அந்த வருகையில் எந்த அளவுக்கு உறுதியாகத் தெரிந்ததோ அந்த அளவோடு நின்று, அறிகுறியையோ இயல்பு மாறிய பரிசோதனை முடிவையோ வருகைக்கான காரணத்தையோ குறியிட வேண்டும் என்றும் அப்பிரிவு சொல்கிறது. உங்கள் சார்ட்டில் உறுதியாகத் தெரிந்தது கல்லீரல் பெரிதாகியிருக்கிறது என்பது மட்டுமே. கொழுப்பு என்பது மருத்துவரின் ஊகம். அந்த ஊகத்தைச் சோதிக்கவே அவர் அல்ட்ராசவுண்டுக்கு எழுதியிருக்கிறார்.

ஆர்16.0 என்பது ‘வேறிடத்தில் வகைப்படுத்தப்படாத கல்லீரல் வீக்கம்’. காரணம் தெரிந்துவிட்ட வீக்கம் அந்தந்தக் காரணத்தின் பெயரில் வேறு அத்தியாயங்களுக்குப் போய்விடும். கொழுப்புப் படிவு என்றால் கே76.0, மதுவால் வந்த கொழுப்புப் படிவு என்றால் கே70.0, நாட்பட்ட ஹெபடைடிஸ் சி என்றால் பி18.2, அமீபாவால் உண்டான சீழ்க்கட்டி என்றால் ஏ06.4, வேறொரு உறுப்பிலிருந்து பரவி வந்த புற்றுநோய் என்றால் சி78.7. இவற்றில் எதிலும் சேர்ப்பதற்கு மருத்துவர் இன்னும் ஆதாரம் தராத வீக்கத்துக்காகவே அறிகுறிகளுக்கான பதினெட்டாம் அத்தியாயத்தில் இந்த இடம் ஒதுக்கப்பட்டிருக்கிறது. ஆகவே அதைக் கொடுப்பது வேலையைப் பாதியில் விட்டதாகாது. இனி ஓர் இலக்கம் கூடச் சேர்க்க வேண்டாத முழுமையான குறியீடு அது.

டீம் லீடர் சொல்லும் கே76.89, பெயர் சொல்லி எழுதப்பட்ட, ஆனால் தனி எண் இல்லாத கல்லீரல் நோய்களுக்கு உரியது. சாதாரண நீர்க்கட்டி, ஃபோகல் நோடுலர் ஹைப்பர்பிளேசியா என்ற புற்றல்லாத கட்டி ஆகியவை அதில் அடங்கும். மருத்துவர் ஒரு நோயையும் பெயரிடாத சார்ட்டில் அதைப் போடுவதற்கு இடமே இல்லை. ‘விவரம் குறிப்பிடப்படாத கல்லீரல் நோய்’ என்ற கே76.9 போடலாமே என்றும் சிலர் கேட்பார்கள். அதற்கு மருத்துவர் ‘கல்லீரல் நோய்’ என்றாவது எழுதியிருக்க வேண்டும். கல்லீரல் பெரிதாக இருப்பதைப் பார்த்து, அது நோய்தான் என்று முடிவுகட்டும் அதிகாரம் குறியிடுபவருக்கு இல்லை.

‘ஆர் வரிசையைத் தவிர்க்க வேண்டும்’ என்பது நம் ஊர்ப் பயிற்சி மையங்களிலும் அடிக்கடி காதில் விழுகிற வாக்கியம். பாதி விதியை மட்டும் மனப்பாடம் செய்ததால் வந்தது அது. முழு விதி இதுதான்: உறுதியான நோய் எழுதப்பட்டிருந்தால், அந்த நோயோடு வழக்கமாகவே சேர்ந்து வரும் அறிகுறியைத் தனியாகக் குறியிட வேண்டாம், உறுதியான நோய் எழுதப்படாதபோது அறிகுறிக் குறியீடே ஏற்கத்தக்கது. முதல் பாதியை வைத்துக்கொண்டு இரண்டாம் பாதியை மறந்தால், சார்ட்டில் இல்லாத நோய்களையெல்லாம் நாமே உண்டாக்க வேண்டிவரும்.

இதில் நீங்கள் கவனிக்க வேண்டிய நுணுக்கம் ஒன்று இருக்கிறது. அதே நோயாளி மறுநாள் அல்ட்ராசவுண்டுக்குப் போகிறார் என்று வைத்துக்கொள்வோம். ஸ்கேன் வருகைக்கு நீங்கள் குறியிடும் நேரத்தில் கதிரியல் மருத்துவர் கையொப்பமிட்ட இறுதி ரிப்போர்ட் உங்கள் முன் இருந்து, அதில் ‘கல்லீரல் பெரிதாகியுள்ளது, கொழுப்புப் படிவு உள்ளது’ என்று தெளிவாக எழுதியிருந்தால், அந்த ஸ்கேன் வருகைக்கு கே76.0 கொடுக்கலாம், படித்துப் பொருள் சொன்னவரும் மருத்துவரே என்பதால் நெறிகள் அதை அனுமதிக்கின்றன. ‘கொழுப்புப் படிவோடு ஒத்துப்போகும் தோற்றம்’ என்று மட்டும் எழுதியிருந்தால் அது உறுதிச் சொல் ஆகாது, மீண்டும் ஆர்16.0 தான். ‘எக்கோ (ஸ்கேன் ஒலி எதிரொலிப்பு) சற்று கூடுதல்’ என்ற வரியைப் பார்த்ததும் ஃபேட்டி லிவர் என்று முடிவுசெய்கிற பழக்கம் பலருக்கு உண்டு. எக்கோ கூடுவதற்கு வேறு காரணங்களும் இருக்கின்றன. அதைப் பிரித்துச் சொல்வது கதிரியல் மருத்துவரின் வேலை.

ரிபட்டல் எழுதும்போது மருத்துவரின் வாக்கியத்தை அப்படியே எடுத்துக் காட்டுங்கள். ‘இருக்கலாம்’ என்ற சொல்லைச் சுட்டுங்கள். நான்காம் பிரிவில் உறுதியற்ற நோய்க்கணிப்பு பற்றிய பத்தியை, அந்த வருகைத் தேதிக்குச் செல்லுபடியாகும் பதிப்பிலிருந்து குறிப்பிடுங்கள். அமெரிக்கத் தொகுப்பு ஆண்டுதோறும் அக்டோபர் 1 அன்று புதுப்பிக்கப்படுவதால், எந்த ஆண்டின் பதிப்பு என்பது முக்கியம். இவ்வளவு போதும்; கோபமோ நீண்ட வாதமோ தேவையில்லை. தணிக்கையில் உங்களுக்குக் கிடைக்கும் மதிப்பெண்ணுக்காக மட்டும் இதைச் சொல்லவில்லை. கொழுப்பு இல்லாத ஒருவருடைய பதிவேட்டில் கே76.0 ஒருமுறை ஏறிவிட்டால், அடுத்த மருத்துவர் அதைப் ‘பழைய நோய்’ என்று படிப்பார்; வேறு காரணத்தைத் தேடும் வேகம் அங்கேயே குறைந்துவிடும்.

கேள்வி (குடியாத்தம் மாணவர்): கல்லீரல், மண்ணீரல் இரண்டும் பெரிதாகியிருந்தால் ஆர்16.0, ஆர்16.1 என இரண்டையும் கொடுக்க வேண்டுமா?

பதில்: வேண்டாம். இரண்டும் சேர்ந்திருப்பதற்கென்றே ஆர்16.2 இருக்கிறது, அதை மட்டும் கொடுங்கள். மஞ்சள் காமாலையும் இருந்து அதற்கும் காரணம் தெரியவில்லை என்றால் ஆர்17 தனியாக வரும்.

கேள்வி (வாலாஜாபேட்டை, மருத்துவமனைப் பதிவறைப் பணியாளர்): எங்கள் மருத்துவமனையில் உள்நோயாளிகளின் கேஸ் ஷீட்டுகளுக்கு உலக சுகாதார நிறுவனத்தின் ஐ.சி.டி.-10 படி குறியிடுகிறோம். மருத்துவர்கள் டிஸ்சார்ஜ் சம்மரியில், கல்லீரல் வீக்கத்தைக் குறிக்கும் ஹெபடோமெகலி என்ற சொல்லோடு, ‘ஹெபடோமெகலி ?காரணம்’ என்றும், சிலநேரம் ‘ஹெபடோமெகலி, ?காசநோய்’ என்றும் கேள்விக்குறி இட்டு எழுதுகிறார்கள். இரண்டுக்கும் ஆர்16.0 போடுவதா?

பதில்: முதலாவதற்குத் தயங்காமல் போடுங்கள். இரண்டாவது வேறு விவகாரம்.

‘ஹெபடோமெகலி ?காரணம்’ என்பதில் கேள்விக்குறி எந்த நோயின் பெயர் மீதும் விழவில்லை. உள்நோயாளியின் முதன்மை நிலையாக, சிகிச்சைக் காலத்தின் முடிவில் கண்டறியப்பட்ட நோயைத்தான் தேர்ந்தெடுக்க வேண்டும். அப்படி எந்த நோயும் கண்டறியப்படாவிட்டால் முதன்மையான அறிகுறியையோ இயல்பு மாறிய முடிவையோ தேர்ந்தெடுக்கலாம் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் விதி. உள்நோயாளிகளுக்குப் பதினெட்டாம் அத்தியாயக் குறியீட்டைக் கொடுக்கும்போது எச்சரிக்கையாக இருக்கச் சொல்கிறதே தவிர, தடை செய்யவில்லை. எச்சரிக்கை என்றால் கேஸ் ஷீட்டை முழுவதும் புரட்டிப் பார்ப்பது. முதல் நாள் குறிப்பில் ‘ஹெபடோமெகலி’ என்று எழுதியவர், மூன்றாம் நாள் இதய எக்கோ ஸ்கேன் பார்த்தபின் ‘வலப்பக்க இதயச் செயலிழப்பு, அதனால் கல்லீரலில் இரத்தத் தேக்கம்’ என்று எழுதியிருப்பார். டிஸ்சார்ஜ் சம்மரி எழுதிய பயிற்சி மருத்துவர் முதல் நாள் பக்கத்தை மட்டும் பார்த்து எழுதியிருப்பார். அப்போது காரணம் தெரிந்த வீக்கத்துக்கு நீங்கள் ஆர்16.0 கொடுத்தது போலாகிவிடும். சம்மரியும் கேஸ் ஷீட்டும் இப்படி முரண்படும் இடத்தில், தலைமை மருத்துவரிடம் கேட்டுத் தெளிந்த பின்பே குறியிடுங்கள்.

‘ஹெபடோமெகலி, ?காசநோய்’ என்பதில் கேள்விக்குறி ஒரு நோயின் பெயர் மீது நிற்கிறது. சிகிச்சைக் காலம் முடிந்த பின்னும் நோய் ‘சந்தேகத்துக்குரியது’ என்றே எழுதப்பட்டு, வேறு விளக்கம் ஏதும் இல்லையென்றால், அது உறுதியானது போலவே குறியிடப்பட வேண்டும் என்று உலக சுகாதார நிறுவன விதி சொல்கிறது. அமெரிக்க நெறிகளிலும் உள்நோயாளிகளுக்கு, டிஸ்சார்ஜ் நேரத்தில் எழுதப்படும் சந்தேக நோய்க்கு இதே முறைதான். புறநோயாளிக்கு ஒன்று, உள்நோயாளிக்கு நேர்மாறாக இன்னொன்று என்று விதி இருப்பதாலேயே காட்பாடி வாசகியின் தணிக்கையாளரைப் போன்றவர்கள் குழம்புகிறார்கள். விதியை எழுத்துக்கு எழுத்து பின்பற்றினால் அந்த நோயாளிக்குக் காசநோய்க் குறியீடு ஏறிவிடும். விதி அனுமதிக்கிறது என்பதற்காக உடனே அதைச் செய்துவிடாமல், முதலில் மருத்துவரிடம் போங்கள் என்பதே என் கருத்து. பத்து நாள் மருத்துவமனையில் இருந்து, காசநோய் மருந்தும் தொடங்கி வீட்டுக்குப் போனவருக்கு அந்தக் கேள்விக்குறி ஒரு பொருளைத் தரும். பயாப்சி (திசுப் பரிசோதனை) முடிவு வராமலே போனவருக்கு வேறு பொருளைத் தரும். அதைப் பிரித்துச் சொல்லக் கூடியவர் அவர் ஒருவரே.

கேட்கும் முறையும் முக்கியம். ‘சார், காசநோய் என்று போட்டுவிடவா?’ என்று வாசலில் நின்று கேட்டால், அவசரத்தில் இருப்பவர் தலையை ஆட்டிவிட்டுப் போய்விடுவார். அந்தத் தலையாட்டலுக்குப் பதிவேட்டில் மதிப்பு இல்லை. எழுத்தில் கேளுங்கள். ஸ்கேனில் என்ன தெரிந்தது, இரத்தப் பரிசோதனையில் என்ன வந்தது, என்ன மருந்து கொடுக்கப்பட்டது என்பதைச் சுருக்கமாகத் தொகுத்து, ‘இந்தக் கல்லீரல் வீக்கத்துக்குக் காரணம் உறுதியானதா, சந்தேக நிலையிலா, இப்போது சொல்ல இயலாத நிலையிலா?’ என்று கேட்டு, பதிலுக்கு இடம் விடுங்கள். ‘இப்போது சொல்ல இயலாது’ என்பதும் மதிக்கத்தக்க விடையாகவே அந்தத் தாளில் இருக்க வேண்டும். இல்லாவிட்டால், நாம் விரும்பிய விடையை மருத்துவர் கையால் எழுதி வாங்கியதாகவே ஆகும்.

கேள்வி (ஆற்காடு வாசகி): என் மூன்று வயது மகனுக்குக் காய்ச்சல் என்று காட்டியபோது மருத்துவர் சீட்டில் ‘கல்லீரல் 2 செ.மீ. தொடுபடுகிறது’ என்று எழுதினார். கோடிங் படிக்கும் என் தங்கை, இதற்கு ஆர்16.0 வரும், அதாவது குழந்தைக்கு ஈரல் வீக்கம் என்கிறாள். பயமாக இருக்கிறது.

பதில்: பயப்பட வேண்டாம் அம்மா. சிறு குழந்தைகளுக்கு வலப்பக்க விலா எலும்பின் கீழே கல்லீரலின் ஓரம் ஒன்று இரண்டு செ.மீ. வரை கைக்குத் தட்டுப்படுவது இயல்பாகவும் இருக்கலாம். பெரியவர்களிலும், நாட்பட்ட நுரையீரல் நோயால் மார்பு விரிந்திருப்பவர்களுக்குக் கல்லீரல் கீழே தள்ளப்பட்டு, அளவு கூடாமலே கைக்குத் தட்டுப்படும். தொடுபடுவது வேறு, பெரிதாகியிருப்பது வேறு. மருத்துவர் ‘பெரிதாகியிருக்கிறது’ என்று எழுதினாலன்றி உங்கள் தங்கை அந்தக் குறியீட்டைக் கொடுக்கவே கூடாது, 2 செ.மீ. என்ற அளவை வைத்து அவராக முடிவுசெய்வது முறையில்லை. ஸ்கேன் ரிப்போர்ட்டில் அளவு மட்டும் அச்சாகி, கருத்துப் பகுதியில் எதுவும் சொல்லப்படாதிருந்தாலும் இதே நிலைதான். காய்ச்சல் தணிந்த பின் அடுத்த முறை போகும்போது, ‘இப்போதும் தொடுபடுகிறதா?’ என்று மட்டும் மருத்துவரிடம் கேளுங்கள். குழந்தை எடை கூடாமல் இருந்தாலோ, வயிறு பெருத்துக்கொண்டே வந்தாலோ, கண் மஞ்சளானாலோ அடுத்த முறைக்குக் காத்திருக்காமல் உடனே காட்டுங்கள்.

கேள்வி (ஆம்பூர் வாசகர்): என் அண்ணன் சிறு கடை வைத்திருக்கிறார். காய்ச்சலும் வாந்தியும், வலப்பக்க மேல்வயிற்றில் வலியுமாகத் தனியார் மருத்துவமனை ஒன்றில் சேர்த்து, நான்கு நாள் குளுக்கோஸும் ஊசியும் போட்டார்கள். டிஸ்சார்ஜ் சம்மரியில் ‘ஹெபடோமெகலி, காரணம் ஆராயப்படுகிறது’ என்றும் ஆர்16.0 என்றும் இருக்கிறது. காப்பீட்டு நிறுவனம் இரண்டு காரணம் சொல்லி கிளைமை மறுத்துவிட்டது: பரிசோதனைக்காக மட்டும் சேர்க்கப்பட்டார் என்பது ஒன்று, கேஸ் ஷீட்டில் ‘எப்போதாவது மது அருந்துவார்’ என்று இருப்பதால் இது மதுவால் வந்தது என்பது இன்னொன்று. மருத்துவமனையில் சொல்லி வேறு குறியீடு போட்டு வாங்கலாமா?

பதில்: வேறு குறியீடு கேட்காதீர்கள். மருத்துவர் கண்டுபிடிக்காத நோயைக் குறியீட்டில் ஏற்றி வாங்கினால் அது பொய்ப் பத்திரம்; பின்னால் வெளிப்பட்டால் நியாயமான உங்கள் கிளைமும் சேர்ந்து போய்விடும். இன்னொன்றும் சொல்கிறேன். இப்போது உங்கள் அண்ணனுக்கு இருக்கும் வலுவான பாதுகாப்பே அந்த ஆர்16.0 தான். ஏன் என்பதை விளக்குகிறேன்.

மருத்துவக் காப்பீட்டுப் பாலிசிகளில் இருக்க வேண்டிய விலக்குகளின் வாசகத்தைக் காப்பீட்டு ஒழுங்குமுறை ஆணையம் ஒரே மாதிரியாக வகுத்து, எண் கொடுத்திருக்கிறது. உங்கள் பாலிசிப் புத்தகத்தில் நான்காம் எண் விலக்கையும் பன்னிரண்டாம் எண் விலக்கையும் எடுத்துப் பாருங்கள். நான்காவது, முதன்மையாகப் பரிசோதனைக்காகவும் மதிப்பீட்டுக்காகவும் மட்டுமே சேர்க்கப்பட்ட செலவை விலக்குகிறது. ‘மட்டுமே’ என்ற சொல்தான் இங்கே தீர்மானிக்கும். காரணம் தெரியாமல் வீட்டுக்கு வந்ததால் ஒருவர் பரிசோதனைக்காகவே போனார் என்று ஆகிவிடாது. அவர் காய்ச்சலோடும் வாந்தியோடும் போனார், வாயால் எதுவும் எடுக்க முடியாததால் நரம்பு வழியாகக் குளுக்கோஸ் ஏற்றப்பட்டது, ஊசி மருந்து கொடுக்கப்பட்டது என்பவை கேஸ் ஷீட்டில் இருக்கும். மருத்துவமனையின் பதிவறையில் விண்ணப்பித்து, கேஸ் ஷீட்டின் முழு நகலையும் வாங்குங்கள். செவிலியர் எழுதிய வெப்பநிலை அட்டவணையும் மருந்து கொடுத்த நேரப் பட்டியலும் அதில் கட்டாயம் இருக்கட்டும். டிஸ்சார்ஜ் சம்மரியைவிட அந்த இரண்டு தாள்கள்தான் உங்களுக்குப் பேசும். காய்ச்சலும் வாந்தியும் சம்மரியில் விடுபட்டிருந்தால், அவற்றைச் சேர்த்துத் திருத்திய சம்மரி தருமாறு மருத்துவரிடம் கேட்பதில் தவறில்லை, ஏனென்றால் அவை நடந்தவை.

பன்னிரண்டாவது விலக்கு, மதுப் பழக்கம் முதலான அடிமைநிலைகளுக்கான சிகிச்சையையும் அவற்றின் விளைவுகளையும் விலக்குகிறது. இந்த வீக்கம் மதுவின் விளைவு என்று மருத்துவர் முடிவுசெய்திருந்தால் குறியீடு கே70 வரிசையில் இருந்திருக்கும். அவர் அப்படி எழுதவில்லை. காரணம் தெரியவில்லை என்றே எழுதி, அதற்குரிய குறியீட்டைப் பெற்றிருக்கிறார். எப்போதாவது குடிப்பவர் என்பது நோயாளி சொன்ன வரலாறு. வரலாற்றை எடுத்து நோய்க் காரணமாக மாற்றும் வேலையைச் சிகிச்சை அளித்த மருத்துவர் செய்யவில்லை என்றால், நோயாளியைப் பார்க்காத அலுவலர் செய்வது நியாயமே ஆகாது. சிகிச்சை அளித்த மருத்துவரிடம், ‘இந்தச் சேர்க்கையின்போது கல்லீரல் வீக்கத்துக்கு மதுதான் காரணம் என்று கண்டறியப்படவில்லை’ என்பது உண்மையானால், அதை ஒரு வரியில் எழுதித் தருமாறு கேளுங்கள்.

இவற்றை இணைத்து, முதலில் நிறுவனத்தின் குறைதீர் அலுவலருக்கு எழுத்து மூலம் முறையிடுங்கள். ஒரு மாதத்துக்குள் பதில் வராவிட்டாலோ பதில் திருப்தி தராவிட்டாலோ, சென்னையில் உள்ள காப்பீட்டு முறைமன்ற நடுவரிடம் (இன்சூரன்ஸ் ஆம்பட்ஸ்மேன்) ஓராண்டுக்குள் மனு கொடுக்கலாம். கட்டணம் இல்லை, வழக்கறிஞரும் தேவையில்லை.

கிளைமுக்குப் பயந்து, அடுத்த முறை மருத்துவரிடம் குடிப்பழக்கத்தை மறைத்துவிடாதீர்கள் என்று அண்ணனிடம் சொல்லுங்கள். எவ்வளவு, எத்தனை நாளுக்கு ஒருமுறை, எத்தனை வருடமாக என்பதை அப்படியே சொல்லட்டும். நாட்டு மருந்து, சூரணம், உடம்பைத் தேற்றும் பொடி, மருந்துக் கடையில் தானே வாங்கிய மாத்திரை, இதற்கு முன் சாப்பிட்ட காசநோய் மாத்திரை ஆகியவற்றையும் சொல்லட்டும். மருந்தாலும் கல்லீரல் பாதிக்கப்படும். காரணம் தெரியாத வீக்கங்கள் பலவற்றில், காரணம் நோயாளியின் வீட்டு அலமாரியில் இருந்து, அவர் சொல்லாததால் மருத்துவருக்குத் தெரியாமல் போகிறது.

கேள்வி (இராணிப்பேட்டை, ஓய்வுபெற்ற ஆசிரியர்): நோயின் பெயரே தெரியாதபோது அதற்கு ஓர் எண் கொடுத்து என்ன பயன்? தெரியும் வரை வெற்றிடமாக விட்டுவிடலாமே?

பதில்: வெற்றிடம் விட்டால், தேடியும் கிடைக்காதது எது, தேடவே படாதது எது என்று பின்னால் பிரிக்க முடியாது. நோய்களுக்கான பன்னாட்டு வகைப்பாடு, ஜாக் பெர்ட்டியோன் என்ற பிரெஞ்சுப் புள்ளியியலாளர் 1893இல் கொடுத்த மரணக் காரணப் பட்டியலிலிருந்து வளர்ந்தது. 1948இல் ஆறாவது திருத்தத்தின்போது உலக சுகாதார நிறுவனம் அதைப் பொறுப்பேற்று, மரணத்தோடு நோய்களையும் சேர்த்தது. நோயோடு மருத்துவமனைக்கு வருகிற எல்லோருக்கும் அன்றே பெயர் கிடைத்துவிடுவதில்லை என்பதால், அறிகுறிகளுக்கும் அதில் இடம் வேண்டியிருந்தது.

நம் ஊரை எடுத்துக்கொள்ளுங்கள். வேலூர் சி.எம்.சி.க்கு மேற்கு வங்கம், ஜார்க்கண்ட், பீகார், வடகிழக்கு மாநிலங்கள் என எங்கெங்கிருந்தோ நோயாளிகள் வருகிறார்கள். மருத்துவமனையைச் சுற்றியுள்ள தெருக்களில் விடுதிகளின் பெயர்ப்பலகைகள் வங்காளத்திலும் இருக்கின்றன. கல்லீரலும் மண்ணீரலும் பெரிதாகி, நீண்ட நாள் காய்ச்சலோடு பீகாரிலிருந்து வருபவரிடம் மருத்துவர் காலா அசாரை நினைப்பார். அது மணல் ஈ கடிப்பதால் பரவும் நோய். நம் மாவட்டத்துக்காரரிடம் முதலில் நினைக்க வேண்டிய நோய் அன்று. நம் மாவட்டத்துக்காரர் மழை முடிந்து பனி தொடங்கும் மாதங்களில் காய்ச்சலோடும் ஈரல் வீக்கத்தோடும் வந்தால் ஸ்க்ரப் டைஃபஸ் நினைவுக்கு வரும். புதர்களில் இருக்கும் நுண்ணிய பூச்சியின் கடியால் வரும் அது இப்பகுதியில் நன்கு அறியப்பட்டது. அக்குளிலோ இடுப்பு மடிப்பிலோ கருகிய பொருக்குப் போன்ற சிறு புண் இருக்கிறதா என்று மருத்துவர் உடல் முழுவதும் தேடிப் பார்ப்பார். கிடைத்தால் பாதி வேலை முடிந்தது, ஏ75.3 என்ற குறியீட்டை நோக்கி வழி திறந்துவிடும். இந்த இரண்டு நோயாளிகளும் முதல் நாளில் ஆர்16 வரிசையில்தான் தொடங்குகிறார்கள். அந்த முதல் நாள் குறியீடு நேர்மையாக இருந்தால்தான், இப்படி வந்தவர்களில் எத்தனை பேருக்குப் பின்னால் எந்தப் பெயர் கிடைத்தது, எத்தனை பேருக்குக் கடைசி வரை கிடைக்கவில்லை என்று ஒரு மருத்துவமனை திரும்பிப் பார்க்க முடியும். முதல் நாளே எல்லோருக்கும் ஃபேட்டி லிவர் என்று எழுதிவிட்டால் அந்தக் கணக்கே கெட்டுவிடும்.

கேள்வி (வாணியம்பாடி, மெடிக்கல் கோடர்): ஒருவருக்கு மார்ச் மாதம் ஆர்16.0 கொடுத்தோம். ஜூன் மாதம் நாட்பட்ட ஹெபடைடிஸ் பி என்று உறுதியானது. மார்ச் மாதப் பதிவைத் திருத்த வேண்டுமா?

பதில்: வேண்டாம். மார்ச் வருகையில் மருத்துவருக்கு என்ன தெரிந்திருந்ததோ அதுவே அந்த வருகையின் குறியீடு. ஜூன் வருகைக்கு பி18.1 கொடுங்கள். அந்த நோயால்தான் கல்லீரல் பெரிதாகியிருக்கிறது என்று மருத்துவர் எழுதியிருந்தால் ஆர்16.0 இனித் தேவைப்படாது. இரண்டுக்கும் தொடர்பில்லை, வீக்கத்துக்கான காரணத்தை இன்னும் தேடுகிறோம் என்று அவர் எழுதியிருந்தால் இரண்டையும் கொடுக்கலாம்.

உள்நோயாளியாக இருந்தவருக்கு, டிஸ்சார்ஜ் ஆன பிறகு பயாப்சி முடிவு வருவதுண்டு. அப்போது நோயியல் ரிப்போர்ட்டை மட்டும் பார்த்து நீங்களாகக் குறியீட்டை மாற்றக் கூடாது. சிகிச்சை அளித்த மருத்துவர் அந்த முடிவைப் படித்து, தேதியும் கையொப்பமும் இட்டு, கேஸ் ஷீட்டில் பின்குறிப்பாகச் சேர்த்த பின் அதன்படி மாற்றுங்கள். பில் அனுப்பப்பட்டுவிட்டிருந்தால் திருத்திய பில்லை எப்படி அனுப்புவது என்பதை உங்கள் பில்லிங் பிரிவிடம் கேட்டுச் செய்யுங்கள்.